7:07 ஆட்டம்: டொராண்டோ ப்ளூ ஜேஸை எதில் பார்ப்பது, எதில் கேட்பது

கனடாவின் பேஸ்பால் அணியான டொராண்டோ ப்ளூ ஜேஸ் சொந்த மைதானத்தில் ஆடும் இரவு ஆட்டங்கள் பெரும்பாலும் 7:07க்குத் தொடங்கும். 7 மணி இல்லை, 7:07. ஒரு பருவத்துக்கு 162 ஆட்டங்கள். அதில் பாதி, அதாவது 81, சொந்த மைதானமான ரோஜர்ஸ் சென்டரில். மார்ச் கடைசி வாரத்தில் ஆரம்பித்து செப்டம்பர் முடிகிற வரைக்கும் வாரத்தில் ஐந்தாறு நாள் ஏதாவது ஓர் ஊரில் ஆடிக்கொண்டே இருப்பார்கள். கிரிக்கெட் போல எப்போதோ வரும் திருவிழா இல்லை இது, அன்றாடச் சோறு. அதனால் எங்கே பார்ப்பது என்பதை ஒவ்வொரு சாயங்காலமும் புதிதாகத் தேடிக்கொண்டிருக்க முடியாது. ஒருமுறை ஒழுங்காக ஏற்பாடு செய்துவிட வேண்டும்.

2025 அக்டோபரில் ப்ளூ ஜேஸ் 1993க்குப் பிறகு முதல் முறையாக லீகின் இறுதிப் போட்டியான உலகத் தொடருக்குப் போனபோது, டொராண்டோ வட்டாரத்து ஸ்கார்பரோவிலும் மார்க்கமிலும் பேஸ்பாலையே எட்டிப் பார்த்திராத தமிழ் வீடுகளில்கூட அது ஓடியது. நவம்பர் 1 அன்று ஏழாவது ஆட்டத்தின் 11ஆவது இன்னிங்ஸில் (வழக்கமாக ஒன்பதோடு முடியும்) லாஸ் ஏஞ்சலிஸ் டாட்ஜர்ஸிடம் 5-4 என்று தோற்ற பிறகு, அடுத்த பருவத்தை முழுதாகப் பார்த்தே தீர்வது என்று பலர் முடிவெடுத்தார்கள். அக்டோபரில் பார்ப்பது சுலபம். எல்லா இடத்திலும் போடுவார்கள். மே மாதச் செவ்வாய்க்கிழமை ஆட்டத்தைப் பிடிப்பதுதான் கஷ்டம். இது அவர்களுக்காக எழுதியது. வெளியூரிலும் வெளிநாட்டிலும் இருந்து பார்ப்பவர்களுக்கும்தான்.

முதலில் புரிந்துகொள்ள வேண்டியது ஒன்று. அணி எங்கே ஆடுகிறது என்பதைவிட, நீங்கள் எங்கே உட்கார்ந்திருக்கிறீர்கள் என்பதுதான் எதில் பார்க்கலாம் என்பதைத் தீர்மானிக்கிறது. மேஜர் லீக் பேஸ்பாலில் (எம்எல்பி) ஒவ்வொரு அணிக்கும் ஒரு 'சொந்த எல்லை' உண்டு. அந்த எல்லைக்குள் ஒளிபரப்பு உரிமை உள்ளூர்த் தொலைக்காட்சிக்கு. எல்லைக்கு வெளியே லீகின் சொந்த இணையச் சேவையான எம்எல்பி டிவி. உள்ளே இருந்துகொண்டு எம்எல்பி டிவியைத் திறந்தால் நேரலை வராது; திரையில் ஓர் அறிவிப்புதான் நிற்கும். இதைத்தான் 'பிளாக்அவுட்' என்கிறார்கள். பேஸ்பால் பார்ப்பவர்கள் வாயில் அடிக்கடி அடிபடும் சொல் இது, வசவோடு சேர்த்து.

கனடாவுக்குள் இருப்பவர்களுக்கு

ப்ளூ ஜேஸின் சொந்த எல்லை டொராண்டோ மட்டும் இல்லை, கனடா முழுவதும். வான்கூவரில் இருந்தாலும் ஹாலிஃபாக்ஸில் இருந்தாலும் இதே கதைதான். அதனால் ப்ளூ ஜேஸுக்காக எம்எல்பி டிவி சந்தா கட்டாதீர்கள். கனடாவில் புதிதாக வருபவர்கள் காசை வீணாக்குவது பெரும்பாலும் இங்கேதான். மற்ற 29 அணிகளைப் பார்க்க அது நல்ல சேவை. ஆனால் அந்த அணிகளும் ப்ளூ ஜேஸோடு ஆடும் நாளில் மறைந்துவிடும்.

கனடாவில் உரிமை விளையாட்டுத் தொலைக்காட்சியான ஸ்போர்ட்ஸ்நெட்டுக்கு. அணியும் ரோஜர்ஸ் நிறுவனத்துடையது, மைதானமும் ரோஜர்ஸுடையது, ஸ்போர்ட்ஸ்நெட்டும் ரோஜர்ஸுடையது. கேபிள் அல்லது ஐபிடிவி (இணைய வழித் தொலைக்காட்சி) வைத்திருந்தால் உங்கள் தொகுப்பில் ஸ்போர்ட்ஸ்நெட் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் தனியாக எதுவும் வாங்க வேண்டாம். அதே கேபிள் கணக்கைக் கொண்டு ஸ்போர்ட்ஸ்நெட் செயலியில் உள்ளே போய்க் கைபேசியிலும் பார்க்கலாம். பலர் இது தெரியாமல் இரண்டுக்கும் பணம் கட்டுகிறார்கள். கேபிள் இல்லாதவர்களுக்கு அதன் இணையச் சேவையான ஸ்போர்ட்ஸ்நெட் பிளஸ். அதில் இரண்டு நிலைத் திட்டங்கள் உண்டு; ப்ளூ ஜேஸ் மட்டும் போதும் என்றால் கீழ்நிலைத் திட்டமே போதும். மேல்நிலைத் திட்டம் பெரும்பாலும் ஹாக்கிக்காரர்களுக்கு. மாதச் சந்தா எடுப்பவர்கள் ஏப்ரல் முதல் செப்டம்பர் வரை ஆறு மாதம், பிளேஆஃப் (பருவம் முடிந்தபின் நடக்கும் வெளியேற்றுச் சுற்றுகள்) வந்தால் ஏழு என்று கணக்குப் போட்டு ஆண்டுச் சந்தாவோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மாதச் சந்தாவாக இருந்தால் நிறுத்தும் தேதியை இப்போதே நாள்காட்டியில் குறித்து வையுங்கள். பருவம் முடிந்தாலும் அட்டையிலிருந்து பணம் தானாகவே போய்க்கொண்டிருக்கும்.

கேபிளில் பார்ப்பவர்களைத் தடுமாற வைப்பது ஏப்ரல், மே மாதங்கள். ஸ்போர்ட்ஸ்நெட் என்பது ஒரே அலைவரிசை இல்லை. ஈஸ்ட், ஒன்டாரியோ, வெஸ்ட், பசிபிக் என்று நான்கு வட்டார அலைவரிசைகள். அவற்றுக்கு மேல் ஸ்போர்ட்ஸ்நெட் ஒன். வசந்தகாலத்தில் ஹாக்கி பிளேஆஃப் நடக்கும்போது முதன்மை அலைவரிசைகள் ஹாக்கிக்குப் போய்விடும். பேஸ்பாலை ஸ்போர்ட்ஸ்நெட் ஒன்னுக்குத் தள்ளிவிடுவார்கள். நேற்று வந்த எண்ணில் இன்று ஆட்டம் இல்லையே என்று தவிப்பது இதனால்தான். 'ஒன்' உங்கள் தொகுப்பில் சேர்ந்திருக்கிறதா என்பதை மார்ச்சிலேயே பார்த்துவிடுங்கள். செயலியில் பார்ப்பவர்களுக்கு இந்தத் தொல்லை இல்லை. அலைவரிசையைத் தேடாமல் ஆட்டத்தைத் தேடினால் போதும்.

அடுத்தது வெள்ளிக்கிழமை. 2022 முதல் ஆப்பிள் டிவி வெள்ளிதோறும் இரண்டு ஆட்டங்களைத் தனக்கு மட்டுமாக வைத்துக்கொள்கிறது. பருவத்தில் சில வெள்ளிகளில் ப்ளூ ஜேஸும் அதில் மாட்டும். அன்று ஸ்போர்ட்ஸ்நெட்டில் படம் வராது. எந்தெந்த வெள்ளி என்பது ஆட்ட அட்டவணையிலேயே ஆப்பிள் குறியோடு இருக்கும். அதற்காக ஆண்டு முழுதும் சந்தா வேண்டாம். அந்த மாதம் மட்டும் போதும். அந்த ஒளிபரப்பில் ஒரு நல்ல வசதி உண்டு. கனடாவிலும் அமெரிக்காவிலும் பார்ப்பவர்கள் ஒலித் தேர்வுப் பட்டியலைத் திறந்தால், ஆப்பிளின் வர்ணனையாளர்களுக்குப் பதிலாகச் சொந்த அணியின் வானொலி வர்ணனையைப் படத்தோடு சேர்த்துக் கேட்கலாம். கச்சிதமாக ஒத்துப்போகும். எல்லா ஒளிபரப்பிலும் இது இருக்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை.

கேபிளும் இணையமும் இல்லாதவர்களுக்கு, அல்லது அவை கழுத்தறுக்கும் நாளுக்கு, ஒரு பழைய வழி இருக்கிறது: ஆன்டெனா. ஸ்போர்ட்ஸ்நெட் ஆன்டெனாவில் வராது. ஆனால் உலகத் தொடரை 2000 முதல் ஆண்டுதோறும் அமெரிக்காவின் ஃபாக்ஸ் ஒளிபரப்புகிறது. ஏரிக்கு அக்கரையில், பஃபலோவில் உள்ள டபிள்யூயூடிவி என்ற ஃபாக்ஸ் நிலையத்தை டொராண்டோ வட்டாரத்தில் பல வீடுகளில் பிடிக்க முடியும். யூஎச்எஃப் ஆன்டெனா ஒன்றைத் தெற்கு, தென்கிழக்குப் பக்கமாக ஏரியை நோக்கித் திருப்பி வைக்க வேண்டும். பிறகு தொலைக்காட்சியில் அலைவரிசைத் தேடலை ஓட்ட வேண்டும். ஆன்டெனாவை நகர்த்தினால் தேடலை மறுபடியும் ஓட்டுங்கள். பலர் இதை விட்டுவிட்டு 'வரவில்லை' என்று முடிவுகட்டிவிடுவார்கள். வடக்கு நோக்கிய அடுக்ககத்தில் கீழ்த்தளத்தில் இருப்பவர்களுக்கு நம்பிக்கை குறைவு. தெற்கு பால்கனி இருந்தால் முயன்று பார்க்கலாம். மாதக் கட்டணம் கிடையாது. செயலியில் பார்க்கும் பக்கத்து வீட்டுக்காரருக்கு முன்பே உங்களுக்கு ஹோம் ரன் (கிரிக்கெட் சிக்சர் போலச் சுவரைத் தாண்டும் அடி) தெரிந்துவிடும்.

அமெரிக்காவில்

அமெரிக்காவில் இருப்பவர்களுக்கு நிலைமை தலைகீழ். ப்ளூ ஜேஸுக்கு அங்கே சொந்த எல்லை இல்லை என்பதால் எம்எல்பி டிவியில் பெரும்பாலான ஆட்டங்கள் வரும். 2026 பருவத்திலிருந்து அங்கே அந்தச் சந்தாவை இஎஸ்பிஎன் விற்கிறது. கவனிக்க வேண்டியது எதிரணியை. பிளாக்அவுட் இரண்டு அணிகளில் எது உள்ளூர் அணியாக இருந்தாலும் விழும். நியூ ஜெர்சியில் இருப்பவருக்கு ப்ளூ ஜேஸ், யாங்கீஸோடு ஆடும் நாளெல்லாம் மறைந்துவிடும். பாஸ்டனில் ரெட் சாக்ஸ், டாம்பாவில் ரேஸ், பால்டிமோரில் ஓரியோல்ஸ் என்று இப்படியே. இந்த நான்கும் ப்ளூ ஜேஸின் அதே பிரிவில் உள்ள அணிகள். ஆண்டுக்கு ஒவ்வொன்றோடும் 13 ஆட்டம் ஆடுகிறார்கள். ஆக அமெரிக்கக் கிழக்குக் கரையில் இருப்பவர்களுக்கு முக்கியமான 13 ஆட்டங்கள் கைநழுவும் என்று எண்ணிக்கொண்டுதான் பணம் கட்ட வேண்டும். நாடு தழுவிய ஒளிபரப்புக்குப் போகும் ஆட்டங்களும் அப்படியே. மறைந்த ஆட்டம் முடிந்து ஏறத்தாழ 90 நிமிடத்தில் முழுப் பதிவாக வந்துவிடும். முடிவைத் தெரிந்துகொள்ளாமல் அதுவரை தாக்குப்பிடித்தால் பார்க்கலாம்.

இந்தியா, இலங்கை, மற்ற நாடுகள்

சென்னையிலோ யாழ்ப்பாணத்திலோ இருப்பவர்களுக்குத்தான் உண்மையில் வழி எளிது. வட அமெரிக்காவுக்கு வெளியே பெரும்பாலான நாடுகளில் எம்எல்பி டிவிக்கு உள்ளூர் பிளாக்அவுட் தொல்லை கிடையாது. ஒரு சந்தாவில் பெரும்பாலான ஆட்டங்கள். சில நாடுகளுக்கு மட்டும் விதிவிலக்கு உண்டு. பணம் கட்டுமுன் உங்கள் நாட்டுக்கான விதியை ஒருமுறை படித்துவிடுங்கள். தொல்லை தருவது கடிகாரம்தான்.

பருவம் முழுதும் டொராண்டோவில் கோடைகால நேரம் நடக்கும். இந்திய, இலங்கை நேரம் அதைவிட ஒன்பதரை மணி முன்னே. 7:07 ஆட்டம் நமக்கு மறுநாள் விடிகாலை 4:37. சனிக்கிழமை 3:07 ஆட்டம் நள்ளிரவு தாண்டி 12:37. ஞாயிற்றுக்கிழமை 1:37 ஆட்டம் அதே ஞாயிறு இரவு 11:07. வாரத்தில் தூக்கம் கெடாமல் பாதியாவது பார்க்கக்கூடியது அது ஒன்றுதான். அணி மேற்குக் கரைக்குப் போகும்போது டொராண்டோக்காரர்கள் இரவு 9:40, 10:10 என்று புலம்புவார்கள். நமக்கு அது காலை 7:10, 7:40. காப்பியோடு உட்காரலாம். அந்த மேற்குக் கரைப் பயணம் எப்போது என்று அட்டவணையில் தேடிப் பார்த்துவிட்டு, பேஸ்பாலை அதில் தொடங்குங்கள் என்பேன். சிங்கப்பூர், மலேசியாவில் சரியாகப் பன்னிரண்டு மணி வித்தியாசம், கடிகார முள் அப்படியே நிற்கும்: மாலை 7:07 அங்கே காலை 7:07. லண்டனில் ஐந்து மணி வித்தியாசம், நள்ளிரவு 12:07.

செயலி உங்கள் கைபேசி நேரத்துக்கு மாற்றித்தான் காட்டும். ஆனால் அலாரம் வைக்கும்போது 'மறுநாள்' என்பதில்தான் எல்லோரும் சறுக்குவார்கள். டொராண்டோவின் செவ்வாய் இரவு ஆட்டம் நமக்குப் புதன் விடிகாலை.

இன்னொரு எச்சரிக்கை. கனடாவில் சந்தா வைத்திருப்பவர் விடுமுறைக்கு ஊருக்கு வந்தால் ஸ்போர்ட்ஸ்நெட் செயலியில் ஆட்டம் ஓடாது. அது கனடா எல்லைக்குள் மட்டும்தான். அந்த ஒரு மாதத்துக்கு எம்எல்பி டிவி மாதச் சந்தாவே சரி. விபிஎன் போட்டு ஏமாற்றலாம் என்று சொல்பவர்களை நம்ப வேண்டாம். சேவை விதிக்கு முரண் என்பது ஒரு பக்கம். கைபேசிச் செயலி ஐபி முகவரியை மட்டும் பார்க்காமல் ஜிபிஎஸ் இருப்பிடத்தையும் பார்க்கிறது. இரண்டும் முரண்பட்டால் படம் நின்றுவிடும், அதுவும் எட்டாவது இன்னிங்ஸில். அலுவலக வேலைக்காக எப்போதும் விபிஎன் ஓடவிடும் மடிக்கணினியில், எல்லாம் முறையாக இருந்தும் 'உங்கள் பகுதியில் கிடைக்காது' என்று வருவதும் இதே காரணத்தால்தான். அதை அணைத்துவிட்டு, உலாவியை மூடித் திறந்தால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

வானொலிதான் அஸ்திவாரம்

இதுவரை சொன்னதெல்லாம் படம். படம் அலைவரிசை மாறும், வெள்ளிக்கிழமை ஓடிப்போகும், எல்லை தாண்டினால் மறையும். ஒலி அப்படி இல்லை. ஆட்டம் எந்தத் தொலைக்காட்சிக்குப் போனாலும் வானொலி வர்ணனை தன் இடத்தில் இருக்கும். அதனால் முதலில் வானொலியை ஏற்பாடு செய்துவிட்டு, படத்தை அதன்மேல் கட்டுங்கள் என்பதே என் கருத்து. அன்றாடம் மூன்று மணி நேரம் திரைமுன் உட்கார யாருக்கும் முடியாது. சமைத்துக்கொண்டும் வண்டி ஓட்டிக்கொண்டும் கேட்க முடியும். பேஸ்பாலின் நடையும் காதுக்குத் தோதானது: ஒரு பந்து, ஒரு மூச்சு, அடுத்த பந்து.

டொராண்டோவில் தாய் நிலையம் ஸ்போர்ட்ஸ்நெட் 590, ஏஎம் அலைவரிசை. அதிலிருந்து நாடு முழுவதும் உள்ள இணைப்பு நிலையங்களுக்குப் போகிறது. கனடாவுக்குள் ஸ்போர்ட்ஸ்நெட் செயலியிலும் கேட்கலாம். கனடாவுக்கு வெளியே இருப்பவர்களுக்கு எம்எல்பி செயலியில் ஒலி மட்டுமான சந்தா உண்டு. படச் சந்தாவோடு ஒப்பிட்டால் அது சொற்பக் காசு. முக்கியமாக அதற்கு பிளாக்அவுட் கிடையாது. இரண்டு அணிகளின் வர்ணனையும் இருக்கும். நம்மாள் குரல் வேண்டுமென்றால் டொராண்டோ பெயர் போட்டதைத் தேர்ந்தெடுக்க வேண்டும். நியூ ஜெர்சிக்காரர் யாங்கீஸ் நாள்களில் வேறு வழியில்லை என்று நினைத்தால், வழி இதுதான்.

இணையச் செலவும் குறைவு. 64 கிலோபிட் ஒலி மணிக்கு 29 எம்பிதான் எடுக்கும். 2 மணி 40 நிமிட ஆட்டத்துக்கு 80 எம்பிக்குள் முடிந்துவிடும். அதே ஆட்டத்தை நொடிக்கு 6 மெகாபிட் படமாகப் பார்த்தால் 7 ஜிபிக்கு மேல். கைபேசித் தரவில் பார்ப்பவர்கள் இந்தக் கணக்கை மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

ஏஎம் வானொலிப் பெட்டியில் கேட்பவர்களுக்குச் சில விஷயங்கள். இரைச்சல் வந்தால் நிலையத்தைத் திட்டாதீர்கள். முதலில் உங்கள் அறையைப் பாருங்கள். எல்இடி விளக்கு, கைபேசி சார்ஜர், மடிக்கணினி அடாப்டர் ஆகியவைதான் ஏஎம் அலையைக் கெடுக்கின்றன. ஒவ்வொன்றாகப் பிடுங்கிப் பாருங்கள், குற்றவாளி தெரிந்துவிடும். கைவானொலிக்குள் ஃபெரைட் கம்பி ஒன்று ஆன்டெனாவாக இருக்கிறது. அது திசைக்கேற்பப் பிடிக்கும். பெட்டியை மெதுவாகக் கால்வட்டம் திருப்பினால் ஓரிடத்தில் இரைச்சல் அடங்கிக் குரல் தெளியும். மேலே இழுக்கும் கம்பி எஃப்எம்முக்கு. அதை எவ்வளவு நீட்டினாலும் ஏஎம்முக்குப் பயன் இல்லை. கான்கிரீட் அடுக்ககத்தில் ஜன்னல் ஓரம் வையுங்கள். பொழுது சாய்ந்தபின் ஏஎம் அலை வானில் மேலே போய்த் திரும்பி வெகுதூரம் போகும். அதே 590இல் ஒலிபரப்பும் தொலைதூர நிலையம் ஒன்று ஊடே வந்து குழப்பும். இதற்கும் திருப்பிப் பார்ப்பதே மருந்து. புதிய மின்சாரக் கார்கள் சிலவற்றில் ஏஎம்மே இல்லை, அவற்றில் செயலிதான்.

வர்ணனையையும் படத்தையும் சேர்க்க விரும்புபவர்கள் பலர். அதில் வரும் சிக்கல் தாமதம். ஏஎம் வானொலி ஏறக்குறைய உடனுக்குடன் வந்துவிடும், கேபிள் சில நொடி பிந்தும், இணையப் படம் அரை நிமிடமோ அதற்கு மேலுமோ பிந்தும். முந்தி வருவதைத்தான் நிறுத்திவைக்க முடியும். பிந்தி வருவதை இழுக்க முடியாது. ஏஎம் பெட்டியையும் இணையப் படத்தையும் சேர்ப்பது நடக்காது, சாதாரண வானொலியை இடைநிறுத்த முடியாது என்பதால். நடக்கக்கூடிய சேர்க்கை இது: ஒலியைச் செயலியில் போடுங்கள், படத்தைப் பதிவுப்பெட்டி உள்ள கேபிளில் போடுங்கள். படம் முந்தி ஓடும். பேட்டருக்குப் பின்னால் பந்தைப் பிடிக்கும் கேட்சரின் கையுறையில் பந்து விழும் கணத்தில் படத்தை நிறுத்துங்கள். வானொலியில் அதே பந்தின் 'டப்' கேட்டதும் ஓடவிடுங்கள். பேட்டில் பட்ட ஓசையை வைத்தும் செய்யலாம். அது இன்னும் கூர்மை. ஒவ்வொரு அரை இன்னிங்ஸ் முடிந்தும் விளம்பரம் வரும். செயலி அந்த இடத்தில் வேறு விளம்பரத்தைச் செருகினால் இடைவெளி மாறிவிடும். மூன்றாவது இன்னிங்ஸில் ஒருமுறை சரிபார்த்தால் போதும்.

ப்ளூ ஜேஸ் வானொலி என்றால் டாம் சீக் பெயரைச் சொல்லாமல் விட முடியாது. 1977 ஏப்ரல் 7, பனி கொட்டிய நாளில் அணி ஆடிய முதல் ஆட்டத்திலிருந்து 2004 ஜூன் தொடக்கம் வரை ஓர் ஆட்டம் தவறாமல் வர்ணித்தவர். தொடர்ச்சியாக 4,306 ஆட்டங்கள். தந்தை இறந்தபோதுதான் அந்தச் சங்கிலி அறுந்தது. அந்த எண்ணே இப்போது மைதானத்துக்குள் அவர் பெயரோடு நிற்கிறது. 1993இல் ஜோ கார்ட்டர் அடித்த ஹோம் ரன் உலகத் தொடரை முடித்தபோது கனடாக்காரர்கள் இன்றும் திரும்பச் சொல்லும் வரி அவருடையதுதான். அப்படிப்பட்ட மரபு உள்ள அணிக்கு 2021இல் தனி வானொலி வர்ணனையே இல்லாமல் போனது. தொலைக்காட்சி ஒலியை அப்படியே வானொலியிலும் ஓடவிட்டார்கள். படத்தைப் பார்ப்பவருக்காகப் பேசுவதும் பார்க்காதவருக்காகப் பேசுவதும் வேறு வேறு வேலை. 'அதோ போகிறது' என்றால் எங்கே போகிறது? 2022இல் தனி வர்ணனை திரும்பி வந்தது. திரும்பி வந்ததை யாரும் சும்மா விட்டுவிடக் கூடாது. கேட்பதுதான் அதைக் காப்பாற்றும்.

காதால் பார்ப்பது எப்படி

கிரிக்கெட் காதுக்கு பேஸ்பால் வர்ணனை முதல் வாரம் குழப்பும். மூன்று விஷயம் தெரிந்தால் மீதி தானாக வரும்.

ஒன்று, எண்ணிக்கை. 'டூ அண்ட் ஒன்' என்றால் முதலில் பால் (சரியான கட்டத்துக்கு வெளியே வீசப்பட்டு, பேட்டர் வீசி ஆடாத பந்து), பிறகு ஸ்ட்ரைக் (பேட்டர் தவறவிட்டது அல்லது கட்டத்துக்குள் வந்தும் ஆடாமல் விட்டது). இரண்டு பால், ஒரு ஸ்ட்ரைக். 4 பால் ஆனால் பேட்டர் நடந்து முதல் பேஸுக்கு (ஓடிச் சேர வேண்டிய நிலைகளில் முதலாவது) போவார், 3 ஸ்ட்ரைக் ஆனால் அவுட். 'ஃபுல் கவுண்ட்' என்றால் 3-2. அடுத்த பந்தில் ஏதோ நடக்கப் போகிறது, கரண்டியைக் கீழே வையுங்கள். இன்னிங்ஸின் 'டாப்' என்றால் வெளியூர் அணி ஆடும் முன்பாதி, 'பாட்டம்' என்றால் உள்ளூர் அணியின் பின்பாதி.

இரண்டு, தற்காப்பு எண்கள். பந்து வீசுபவர் 1, கேட்சர் 2, முதல் பேஸ் 3, இரண்டாம் பேஸ் 4, மூன்றாம் பேஸ் 5, ஷார்ட்ஸ்டாப் (இரண்டாம், மூன்றாம் பேஸ்களுக்கு இடையே நிற்பவர்) 6, பிறகு இடமிருந்து வலமாக வெளிக்களத்தில் 7, 8, 9. ஷார்ட்ஸ்டாப் 4 என்று தோன்றும், இல்லை, 6. 'சிக்ஸ்-ஃபோர்-த்ரீ' என்று கேட்டால் ஷார்ட்ஸ்டாப் எடுத்து இரண்டாம் பேஸுக்கு எறிந்து, அங்கிருந்து முதல் பேஸுக்கு. ஒரே அடியில் இரண்டு பேர் அவுட். ஒரு தாளில் இந்த எண்களை வைத்து ஆட்டத்தைக் குறித்துக்கொண்டே கேட்டால் இரண்டு வாரத்தில் களம் கண்ணுக்குள் வந்துவிடும்.

மூன்று, தூரம். ரோஜர்ஸ் சென்டரில் இரு ஓரக் கோடுகளிலும் சுவர் 328 அடியில், நட்டநடுவே 400 அடியில். 2023 புதுப்பிப்பில் இடைப்பட்ட சுவர்களின் தூரமும் உயரமும் மாறின. ஓரத்தில் போகும் பந்து சற்றுத் தட்டினாலும் வெளியே போகும், நடுவே போவது பிடிபடும் என்பது தெரிந்தால் வர்ணனையாளர் குரல் ஏறும்போதே நீங்களும் கணக்குப் போடலாம்.

குரல் புரியாத இடத்தில் கைகொடுப்பது எம்எல்பி செயலியில் உள்ள கேம்டே. ஒவ்வொரு பந்தும் எங்கே விழுந்தது, என்ன வேகம் என்று கட்டத்துக்குள் புள்ளி வைத்துக் காட்டும், இலவசம். ஆனால் அது பல நேரம் இணைய ஒலியைவிட முந்திவிடும். கேட்டுக்கொண்டே அதைப் பார்த்தால் வர்ணனையாளர் சொல்லுமுன் முடிவு தெரிந்துபோகும்.

பதிவு செய்வதும் முடிவை மறைப்பதும்

பேஸ்பாலுக்கு முடியும் நேரம் கிடையாது. 2023இல் பந்துவீச்சுக் கடிகாரம் வந்த பிறகு ஆட்டங்கள் சுருங்கின. பேஸில் ஆள் இல்லையென்றால் 15 நொடிக்குள் வீச வேண்டும், ஆள் இருந்தால் 2024 முதல் 18 நொடி. முன்பு மூன்று மணியைத் தாண்டிய சராசரி இப்போது 2 மணி 40 நிமிடத்தை ஒட்டி இருக்கிறது. பருவ ஆட்டங்களில் பத்தாவது இன்னிங்ஸிலிருந்து இரண்டாம் பேஸில் ஓர் ஆளை நிறுத்தியே தொடங்குவார்கள், அதனால் கூடுதல் இன்னிங்ஸும் நீளாது. பதிவுப்பெட்டியில் ஒரு மணி நேரம் கூட்டி வைத்தால் போதும்.

பிளேஆஃபில் அந்த ஆள் கிடையாது. 2025 அக்டோபர் 27இல் லாஸ் ஏஞ்சலிஸில் நடந்த உலகத் தொடரின் மூன்றாவது ஆட்டம் 18 இன்னிங்ஸ் போய், 6 மணி 39 நிமிடம் கழித்து ஃப்ரெடி ஃப்ரீமன் ஹோம் ரன்னில் முடிந்தது. டொராண்டோவில் அப்போது மணி பின்னிரவு 2:50. வழக்கமான கூடுதல் நேரம் வைத்திருந்தவர்களின் பதிவு ஆட்டத்தின் பாதியைக் கொஞ்சம் தாண்டியதும் நின்றுவிட்டது. அக்டோபரில் பதிவுப்பெட்டி அனுமதிக்கும் உச்ச நீட்டிப்பைக் கொடுங்கள். அது போதாதென்றால் அதே அலைவரிசையில் அடுத்து வரும் இரண்டு நிகழ்ச்சிகளையும் சேர்த்துப் பதிவு செய்யுங்கள்.

தாமதமாகப் பார்ப்பவர்கள், முக்கியமாக இந்தியாவில் காலை எழுந்து பார்ப்பவர்கள், முடிவு கண்ணில் படாமல் இருக்கச் செய்ய வேண்டியது: எம்எல்பி செயலியின் அமைப்பில் ஸ்கோரை மறைக்கும் தேர்வைப் போடுங்கள், அறிவிப்புகளை முழுதாக நிறுத்துங்கள், ஸ்போர்ட்ஸ்நெட் அறிவிப்பையும் நிறுத்துங்கள். பதிவின் நீளத்தையும் பார்க்காதீர்கள். நான்கு மணி நேரப் பதிவு என்றாலே கூடுதல் இன்னிங்ஸ் என்று தெரிந்துவிடும். இன்னிங்ஸ் பட்டியலையும் பார்க்காதீர்கள். அதில் ஒன்பதாவது இன்னிங்ஸின் பின்பாதி இல்லை என்றால் உள்ளூர் அணி ஜெயித்துவிட்டது என்று தெரிந்துவிடும். நேரமே இல்லாத நாளுக்கு எம்எல்பி தளத்தில் சுருக்கப் பதிப்பு உண்டு. வீச்சுகளுக்கு இடையிலான காத்திருப்பை வெட்டி, முக்கியமான வீச்சுகளை மட்டும் வைத்திருப்பார்கள். அதைக் காப்பி ஆறுமுன் பார்த்துவிடலாம்.

பயிற்சி ஆட்டங்கள் பிப்ரவரி பிற்பாதியில் ஃபுளோரிடாவின் டனீடினில் தொடங்கும், பெரும்பாலும் பகல் 1:07க்கு. அவற்றில் சிலதுதான் தொலைக்காட்சியில் வரும். உங்கள் ஏற்பாட்டைச் சோதிக்க அதைவிட நல்ல நேரம் இல்லை. வானொலியை எந்த ஜன்னலில் வைத்தால் தெளிகிறது, ஸ்போர்ட்ஸ்நெட் ஒன் திறக்கிறதா, செயலி பழைய கடவுச்சொல்லை ஏற்கிறதா என்றெல்லாம் அப்போதே பார்த்துவிடுங்கள். தொடக்க நாளில் எல்லோரும் ஒரே நேரத்தில் உள்ளே வர முயலும்போது, கடவுச்சொல்லை மீட்கும் மின்னஞ்சல் முதல் இன்னிங்ஸ் முடிந்துதான் வந்து சேரும்.